யாழினி என்றால் என்ன? புதுப் பெண் பெயரின் வேரைத் தேடும் வழி

பெண் குழந்தை பிறந்த வீட்டின் வாட்ஸ்அப் குழுவில் பெயர்ப் பட்டியல்கள் வந்து குவியும். எந்தப் பட்டியலைத் திறந்தாலும் பெயருக்குப் பக்கத்தில் ‘அழகானவள்’, ‘தேவதை’, ‘லட்சுமி’ என்று ஏறக்குறைய ஒரே பொருள்தான். அது எந்த மொழிச் சொல், எப்படிப் பெயரானது, யார் சொன்ன பொருள் என்று எதுவும் இருக்காது. ஒரு பட்டியலில் இருப்பதை இன்னொன்று நகலெடுக்கும். பத்து இடத்தில் பார்த்துவிட்டால் நமக்கும் அது உண்மையாகிவிடும்.

பெயரின் பொருளை நீங்களே தேடிக் கண்டுபிடிக்கலாம். தமிழ்ப் புலமை தேவையில்லை. ஒரு சாயங்கால நேரமும் போனில் இணையமும் போதும். எப்படி என்று காட்ட யாழினி என்ற பெயரை எடுத்துக்கொள்கிறேன். இன்று தமிழ்நாட்டிலும் ஈழத் தமிழரிடமும் பரவலாக வழங்கும் பெயர். பழசு போலத் தோன்றும், ஆனால் புதுசு.

முதலில் தமிழில் எழுதுங்கள்

பட்டியல்கள் பெரும்பாலும் ஆங்கில எழுத்தில்தான் வருகின்றன. குழப்பத்தில் பாதி அங்கேயே தொடங்குகிறது. என்-ஐ-எல்-ஏ என்று எழுதினால் அது நிலாவா, நீலாவா? நிலா என்றால் தமிழ்ச் சொல். சந்திரன், அதன் ஒளி. நீலா வடமொழி, நீல நிறத்தவள். பட்டியல் எழுதியவர் இரண்டையும் ஒன்றாக்கி ‘நீல நிலவு’ என்று போட்டிருந்தாலும் ஆச்சரியம் இல்லை.

யாழினிக்கும் இதே கதிதான். தமிழ்நாட்டில் ழகரத்துக்கு இசட்-எச் போடுகிறோம். இலங்கையில் வெறும் எல், அல்லது ஆர்-எல் போடும் வழக்கம் உண்டு. வெறும் எல் போட்ட எழுத்தைப் பார்த்து ஒருவர் ‘யாளினி’ என்று தமிழில் எழுதினால், பெயர் கோயில் தூணில் நிற்கும் யாளியிடம் போய்விடும். சிங்க முகமும் யானைத் துதிக்கையுமாக நிற்கும் அந்த விலங்கின் பெயரைப் பெண்ணுக்கு வைப்பதில் எனக்கு ஆட்சேபம் இல்லை; கம்பீரமாகத்தான் இருக்கும். ஆனால் தெரிந்து வைக்க வேண்டும்.

ல, ள, ழ; ந, ன, ண; ர, ற; குறில், நெடில். இந்த நான்கையும் தீர்மானித்த பிறகுதான் அகராதிப் பக்கம் போக வேண்டும்.

பிறகு பிரியுங்கள்

யாழ் + இனி. முதல் பாதியில் சிக்கல் இல்லை. இரண்டாவது பாதிதான் யோசிக்க வைக்கும்.

பட்டியல்கள் ‘யாழ் போல இனிமையானவள்’ என்கின்றன; இனிமையில் வரும் ‘இனி’ என்று கணக்கு. ‘குழலினிது யாழினிது என்பதம் மக்கள் மழலைச்சொல் கேளா தவர்’ என்ற 66ஆம் குறள் எல்லோர் காதிலும் இருப்பதால் இந்த விளக்கம் சட்டென்று ஒட்டிக்கொள்கிறது. ‘யாழினிது’ என்பதில் கடைசி எழுத்தை எடுத்துவிட்டால் பெயர் வந்துவிடுகிறதே! குழந்தையின் பெயருக்கு இதைவிடப் பொருத்தமான குறளும் கிடைக்காது. ஆனால் இலக்கணம் இதற்கு முழுதாக ஒத்துழைக்காது. இனிமையான பெண் என்றால் இனியவள், இனியாள் என்று வர வேண்டும். ‘இனி’ தனியாக நின்றால் ‘இனிமேல்’ என்றுதான் அர்த்தம்.

இன்னொரு வழி, ‘இனி’ என்பதைப் பெண்ணைக் குறிக்கும் இறுதியாகக் கொள்வது. சங்கப் பாடல்களில் பாணர் குடியைச் சேர்ந்த பாடும் பெண்ணுக்குப் ‘பாடினி’ என்று பெயர். புறநானூற்றின் 11ஆம் பாட்டில், சேரன் பாலை பாடிய பெருங்கடுங்கோவின் வீரத்தைப் பாடிய பாடினி கழஞ்சுக் கணக்கில் (கழஞ்சு அந்தக் கால எடை அளவு) பொன் நகை பெறுகிறாள். அவள் குரலோடு சேர்ந்து பாடிய பாணன் வெள்ளி நாரில் தொடுத்த பொன் தாமரை பெறுகிறான். அந்தப் பாட்டை எழுதியவரும் ஒரு பெண்தான், பேய்மகள் இளவெயினி. எயினன் என்ற ஆண் பெயருக்குப் பெண் பெயர் எயினி.

ஆக, பாடுபவள் பாடினி என்றால் யாழுக்கு உரியவள், யாழ் வாசிப்பவள் யாழினி. எனக்கு இந்த விளக்கமே பிடித்திருக்கிறது. பத்மினி, நந்தினி, மோகினி என்று வடமொழியிலும் இதே ஓசையில் முடியும் பெண் பெயர்கள் நிறைய உண்டு. பெயர் வைக்கும் அப்பா அம்மாவுக்குப் பாடினியை விட நந்தினிதான் பழக்கம். யாழினி காதுக்குப் புதிதாகப் படாமல் போனதற்கு அந்தப் பழக்கமும் ஒரு காரணமாக இருக்கலாம்.

இப்படிப் பிரித்த பிறகு ஒவ்வொரு துண்டுக்கும் பொருள் இருக்கிறதா என்று கேளுங்கள். ஒரு துண்டு மட்டும் பொருளோடு நின்று, மற்றது வெறும் ஓசையாக இருந்தால், அது ஓசைக்காகச் செய்த பெயர். அதில் தப்பு ஒன்றும் இல்லை. அதற்கு ‘சமஸ்கிருதத்தில் செல்வத்தின் தேவதை’ என்று பொருள் எழுதுவதுதான் தப்பு.

அகராதியில் தேடுங்கள், முழுப் பெயரை அல்ல

புதிதாகத் தேடுபவர்கள் ‘யாழினி’ என்று அகராதியில் போட்டுப் பார்த்துவிட்டு, இல்லை என்று விட்டுவிடுவார்கள். புதுப் பெயர் அங்கே இருக்காது. வேர்ச்சொல்லைத்தான் தேட வேண்டும்.

சென்னைப் பல்கலைக்கழகம் 1924 முதல் 1936 வரை ஆறு தொகுதிகளாக வெளியிட்ட தமிழ் லெக்சிகனில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட சொற்கள் உண்டு. சிகாகோ பல்கலைக்கழகத்தின் தென்னாசிய மின் அகராதித் தளத்தில் இலவசமாகவே பார்க்கலாம். தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் தளத்திலும் அகராதிகள் இருக்கின்றன. லெக்சிகனில் ஒரு வசதி: சொல் வடமொழியிலிருந்து வந்தது என்று தொகுத்தவர்கள் கருதினால் மூலச் சொல்லைப் பக்கத்திலேயே காட்டியிருப்பார்கள். தமிழ்ச் சொற்களையே வடசொல் என்று காட்டிவிட்டார்கள் என்று சொல்லாராய்ச்சி அறிஞர் தேவநேயப் பாவாணர் இந்த லெக்சிகனைக் கடுமையாக விமர்சித்திருக்கிறார். அதனால் அதையே கடைசித் தீர்ப்பாக எடுத்துக்கொள்ள வேண்டாம், தொடங்கும் இடமாக வைத்துக்கொள்ளுங்கள்.

அங்கே போட்டிருக்கும் எல்லாப் பொருளையும் படியுங்கள். யாழ் என்பதற்கு இசைக்கருவியோடு மிதுன ராசி என்ற பொருளும் உண்டு. அந்த ராசியின் இரட்டையரில் ஒருவர் கையில் யாழ் இருப்பதாகக் கற்பனை. மகிழினி என்று வைக்க நினைப்பவர்கள் ‘மகிழ்’ என்பதைத் தேடினால் மகிழ்ச்சி, மகிழ மரம் இரண்டோடு கள், கள்ளுண்ட மயக்கம் என்ற பழைய பொருளும் கிடைக்கும். பயந்துவிட வேண்டாம், இன்று யாருக்கும் அது நினைவுக்கு வராது. பின்னாளில் தமிழ் படித்த சித்தப்பா யாராவது பந்தியில் உட்கார்ந்து சொல்வதற்கு முன் நமக்குத் தெரிந்திருந்தால் நல்லது, அவ்வளவுதான்.

தொல்காப்பியத்தில் ஒரு விதி உண்டு: யகர வரிசையில் ‘யா’ மட்டுமே சொல்லுக்கு முதலில் வரும். யாழ், யாறு, யானை, யாண்டு எல்லாம் அப்படித்தான். யமுனா, யுவஸ்ரீ, யோகிதா மாதிரித் தொடங்கும் பெயர்கள் வெளியிலிருந்து வந்தவை என்று பார்த்தவுடனே ஊகித்துவிடலாம்.

அந்தச் சொல் எங்கே வாழ்ந்தது என்று பாருங்கள்

‘யாழ் என்பது ஓர் இசைக்கருவி’ என்பதோடு நிறுத்திக்கொண்டால் நாளைக்குப் பெண் கேட்கும்போது சொல்ல ஒன்றும் இருக்காது. மதுரைத் திட்டத்தின் தளத்தில் சங்க நூல்கள் இலவசமாக இருக்கின்றன. வேர்ச்சொல்லை அங்கே தேடிப் பாருங்கள்.

யாழுக்குப் பொருநராற்றுப்படை ஒன்றே போதும். பத்துப்பாட்டில் உள்ள இந்தப் பாட்டில் முடத்தாமக்கண்ணியார் யாழை உறுப்பு உறுப்பாகக் காட்டுகிறார். யாழின் குடம் மானின் குளம்புச் சுவடு போல நடுவில் பிளந்திருக்கிறது. அதன் மேல் போர்த்திய தோல் விளக்குச் சுடரின் நிறம். தோலைச் சேர்த்துத் தைத்த கோடு, சிவந்த இளம்பெண் ஒருத்தி சூல் கொண்ட புதிதில் அவள் வயிற்றில் ஓடும் மெல்லிய மயிர் ஒழுங்கு போல இருக்கிறது. துளைகளை அடைத்த ஆணிகள் வளைக்குள் இருந்து எட்டிப் பார்க்கும் நண்டின் கண்கள். மேலே எழும் தண்டு தலை தூக்கிய பாம்பு. நரம்போ, குத்திய தினை அரிசி போல முறுக்கில் பிசிறில்லாமல் இருக்கிறது. அதில் ‘பாலை’ என்ற பண் வாசித்தால் வழிப்பறி செய்யும் கள்வர்கள்கூட ஆயுதத்தைக் கீழே போட்டுவிடுவார்களாம்.

கருவுற்ற பெண்ணின் வயிறு அந்த வருணனையில் வருவதைக் கவனியுங்கள். பெண் குழந்தைக்கு யாழினி என்று பெயர் வைக்கும் தாய்க்கு இந்த ஓர் இடத்தைக் காட்டினால் போதும். பட்டியல் தரும் பொருள்கள் எல்லாம் சப்பென்று ஆகிவிடும்.

யாழ் என்றவுடன் வீணையைப் படம் போட்டுக் காட்டுகிறார்கள். இரண்டும் வேறு. யாழ் வில் போல் வளைந்த கருவி. ஒரு நரம்புக்கு ஒரு சுரம், வீணையில் விரல் வைத்து அழுத்த இருப்பது போன்ற மெட்டுக் கட்டைகள் கிடையாது. பேரியாழுக்கு 21 நரம்புகள், செங்கோட்டியாழுக்கு 7. நாளடைவில் யாழ் வழக்கொழிந்து வீணை முன்னுக்கு வந்தது. மறந்துபோன அந்தக் கருவியை நூல்களிலிருந்து ஆராய்ந்து மீட்க முயன்றவர் மட்டக்களப்புப் பக்கம் காரைதீவில் பிறந்த விபுலானந்த அடிகள். அவருடைய ‘யாழ் நூல்’ 1947இல் வெளியானது, அதே ஆண்டு அவரும் மறைந்தார்.

யாழ் சேர்ந்த பெயர் கோயில்களிலும் உண்டு. வேதாரண்யத்தில் அம்மன் பெயர் ‘யாழைப் பழித்த மொழியாள்’. யாழின் ஓசையே தோற்கும்படி பேசுபவள். யாழினி என்றால் சரஸ்வதி என்று எழுதுபவர்கள் வீணையை வைத்துச் சொல்கிறார்கள். தெய்வத் தொடர்பு வேண்டும் என்று பாட்டி கேட்டால் சரஸ்வதியை விட வேதாரண்யத்து அம்மனைக் காட்டுவதே நேர்மை.

பெயருக்கு என்ன வயது?

இந்தக் கேள்வியைத்தான் யாரும் கேட்பதில்லை. சொல் பழசாக இருக்கலாம். அது ஆளின் பெயராக வழங்கியது எப்போது என்பது வேறு விஷயம். சங்க நூல்களில் பாடினி உண்டு, ஆடிப் பாடும் விறலி உண்டு. யாழினி என்று ஒரு புலவரோ தலைவியோ கிடையாது. சம்பந்தர் காலத்தில் யாழோடு ஊர் ஊராகச் சென்ற திருநீலகண்ட யாழ்ப்பாணரின் மனைவி பெயர்கூட மதங்கசூளாமணி. ‘2000 ஆண்டுப் பழமையான பெயர்’ என்று எங்காவது பார்த்தால் நம்ப வேண்டாம். 2000 ஆண்டுப் பழமையான சொல்லிலிருந்து நம் காலத்தில் செய்த பெயர் என்று சொல்லலாம்.

வடசொல் கலக்காமல் தமிழ் வழங்க வேண்டும் என்ற தனித்தமிழ் இயக்கம் 1916இல் தொடங்கியது. வேதாசலம் என்ற தம் பெயரை மறைமலையடிகள் என்று மாற்றிக்கொண்டவர் அதன் முன்னோடி. (வடசொற்களுக்குத் தமிழ்ச் சொல் தரும் அகரவரிசை தொகுத்த அவருடைய மகளின் பெயர் நீலாம்பிகை. பெயர் விஷயத்தில் யாரும் நூறு சதவீதம் இல்லை!) அதன் பிறகு திராவிட இயக்கக் காலத்தில் தமிழ்ச்செல்வி, கயல்விழி, தேன்மொழி, பூங்கோதை, மலர்க்கொடி என்று ஓர் அலை வந்தது. இரண்டு சொல் சேர்ந்த நீளமான பெயர்கள். அந்தப் பெண்கள் பாட்டியான பிறகு வந்த அலையில் பெயர் சுருங்கியது: யாழினி, இனியா, ஓவியா, நிலா, வெண்பா. தமிழாகவும் இருக்க வேண்டும், வகுப்பில் ஹர்ஷிதாவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்தால் பழசாகவும் தெரியக் கூடாது என்ற இரண்டு ஆசையையும் இவை நிறைவேற்றுகின்றன.

ஈழத் தமிழருக்கு யாழினியில் இன்னொன்றும் கேட்கும். அங்கே ‘யாழ்’ என்றாலே யாழ்ப்பாணம்தான். யாழ் நூலகம், யாழ்தேவி ரயில் என்று தினமும் புழங்கும் சொல். பார்வையற்ற யாழ்ப்பாணன் ஒருவன் யாழ் வாசித்துப் பரிசாகப் பெற்ற நிலம் என்று அந்த ஊர்ப் பெயருக்கு ஒரு கதையும் உண்டு. ஊரை விட்டு வந்து வெளிநாட்டில் வாழும் குடும்பம் மகளுக்கு யாழினி என்று வைத்தால், அதில் இசையோடு ஊரும் சேர்ந்திருக்கிறது என்று புரிந்துகொள்ளலாம்.

வடமொழிப் பெயராக இருந்தால்

வழி அதேதான், அகராதி மட்டும் வேறு. 1899இல் வந்த மோனியர் வில்லியம்ஸின் சமஸ்கிருத அகராதி இணையத்தில் இருக்கிறது. ஹர்ஷிதா என்றால் மகிழ்ந்தவள், அக்ஷிதா என்றால் அழியாதவள், அனன்யா என்றால் வேறொன்று இல்லாதவள். இவையெல்லாம் அங்கே சொல்லாகவே இருக்கின்றன. இவற்றின் சாயலில் ‘ஷிகா’, ‘ஷிதா’, ‘ஷினி’ என்று வால் ஒட்டிச் செய்த பெயர்களில் பலவற்றுக்கு வேர் கிடைக்காது.

ஆதிரை மாதிரிப் பெயர்கள் சுவாரசியமானவை. மணிமேகலையின் அமுதசுரபியில் முதல் பிச்சை இட்டவள் ஆதிரை. இதைவிடத் தமிழ்ப் பெயர் உண்டா என்று தோன்றும். ஆனால் ஆதிரை என்பது ஆர்த்ரா என்ற நட்சத்திரப் பெயரின் தமிழ் வடிவம். மூலச் சொல்லுக்கு ‘ஈரமானது’ என்று பொருள். வேர் ஒரு மொழியில், வாழ்க்கை இன்னொரு மொழியில். இப்படிப்பட்ட பெயருக்கு இரண்டையும் சேர்த்துச் சொல்வதுதான் முழுப் பதில்.

நட்சத்திர எழுத்து

வீட்டில் பெரியவர்கள் எழுத்து கேட்பார்கள். 27 நட்சத்திரம், ஒவ்வொன்றுக்கும் நான்கு பாதம், மொத்தம் 108 எழுத்து. கேட்டைக்கு நோ, யா, யி, யு. கேட்டை இரண்டாம் பாதம் என்றால் யாழினி கச்சிதம். ஆனால் இந்த முறை வடமொழி எழுத்துகளை வைத்துச் செய்தது. அஸ்தத்துக்குப் பு, ஷ, ண, ட என்று வரும். திருவாதிரையில் ஒரு பாதத்துக்கு ங. தமிழ்ச் சொல் எதுவும் ணகரத்திலோ டகரத்திலோ தொடங்காது. இந்த இடத்தில்தான் வேர் இல்லாத பெயர்கள் உற்பத்தியாகின்றன. எழுத்தும் வேண்டும், தமிழும் வேண்டும் என்றால், பல வீடுகளில் செய்வது போல அந்த எழுத்தில் ஒரு பெயரைக் காதில் மட்டும் ஓதிவிட்டு, கூப்பிடுவதற்கு வேறு பெயரை வைத்துக்கொள்ளலாம். எண் கணிதத்துக்காக ஆங்கிலத்தில் கூடுதலாக ஓர் ‘ஏ’, ஓர் ‘என்’ சேர்ப்பவர்கள் அடுத்த பகுதியைப் படித்துவிட்டுச் சேர்க்கவும்.

பதிவு செய்யும்போது

இந்தியாவில் பிறப்பை 21 நாளுக்குள் பதிவு செய்ய வேண்டும். பெயரை அதற்குள் முடிவு செய்தாக வேண்டும் என்று இல்லை. பெயர் இல்லாமலே பிறப்பைப் பதியலாம். பிறகு 12 மாதம் வரை கட்டணமில்லாமல் பெயரைச் சேர்க்கலாம், அதற்கு மேல் 15 ஆண்டு வரை தாமதக் கட்டணம் கட்டிச் சேர்க்கலாம். ஆகவே மருத்துவமனையில் பேனாவோடு நிற்பவரின் அவசரத்துக்காக ஒரு பெயரைச் சொல்லிவிடாதீர்கள். சேர்த்த பெயரை மாற்றுவதுதான் அலைச்சல். 2023 அக்டோபர் 1 அன்றோ அதற்குப் பிறகோ பிறந்த குழந்தைகளுக்குப் பள்ளிச் சேர்க்கை, ஓட்டுநர் உரிமம், பாஸ்போர்ட் போன்றவற்றில் பிறந்த தேதிக்கு ஆதாரமே பிறப்புச் சான்றிதழ்தான் என்பதால் அதில் பிழை இருக்கக் கூடாது.

முடிவு செய்வதற்கு முன் பெயரை உரக்கக் கூப்பிட்டுப் பாருங்கள். ழகரம் நம் ஊரிலேயே பலருக்கு வருவதில்லை. ‘யாளினி’, ‘யாலினி’ என்று கூப்பிடுவார்கள். பெங்களூருக்கோ டில்லிக்கோ போனால் இசட்டைப் பார்த்து ‘யாஸினி’ ஆகிவிடும். இதற்கெல்லாம் தயார் என்றால் தாராளமாக வையுங்கள். ஆங்கிலத்தில் ஒரே ஓர் எழுத்துக்கூட்டலைத் தேர்ந்தெடுத்து, பிறப்புச் சான்றிதழ், ஆதார், தடுப்பூசி அட்டை, பள்ளிப் பதிவேடு எல்லாவற்றிலும் அதையே எழுதுங்கள். ஓரிடத்தில் ஒற்றை ‘ஏ’, இன்னோரிடத்தில் இரட்டை ‘ஏ’ என்று இருந்தால் பாஸ்போர்ட் எடுக்கும் நாளில் பிரமாணப் பத்திரம் எழுத வேண்டி வரலாம்.

சான்றிதழ் கைக்கு வந்ததும் ஆங்கிலத்தை மட்டும் பார்த்துவிட்டு மடித்து வைக்காதீர்கள். தமிழ் எழுத்தையும் ஒவ்வொன்றாகப் படியுங்கள். தட்டச்சு செய்பவர் ழகரத்துக்கு லகரம் அடித்திருந்தால் அப்போதே திருத்தம் கேட்டு எழுதிக் கொடுத்துவிட்டு வாருங்கள்.